வாசலில் போட்ட குரல்

உமர் தராஸுக்கு இரண்டு விஷயத்தில் யாரும் புத்தி சொல்ல முடியாது. ஒன்று வெல்லப் பாகின் பதம், மற்றொன்று சினிமா. பதத்தில் அவர் சொன்னது தப்பியதே கிடையாது. சினிமாவில் தப்பியதா இல்லையா என்பதை அவர் மனைவி பக்த்மீனாவிடம்தான் கேட்க வேண்டும்.

பெஷாவருக்குப் பக்கத்தில் சார்சத்தாவைச் சுற்றியுள்ள ஊர்களில் கரும்பு வெட்டு ஆரம்பித்துவிட்டால் ஆண்களுக்கு வீடு வாசல் மறந்து போகும். ஆற்றுப் பக்கமிருந்து காலையில் எழும்பும் மூடுபனி மத்தியானம் வரை விலகாது. அந்தப் பனிக்குள் டீசல் இன்ஜின் தடதடக்கும். சாறு பிழிந்து கொப்பரையில் ஊற்றி, அடியில் காய்ந்த சக்கையைத் தள்ளித் தள்ளி எரிக்க வேண்டும். பொங்கி வரும் அழுக்கு நுரையை வழித்து எடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். பாகு இறுகுகிற நேரத்தில் பெற்ற தகப்பன் கூப்பிட்டாலும் நகரக் கூடாது. உமர் தராஸ் அகப்பையில் கொஞ்சம் எடுத்து உயரத் தூக்கிச் சொட்டவிட்டுப் பார்ப்பார். சொட்டு விழுகிற விதத்தைப் பார்த்து, "இறக்குங்கடா" என்பார். அதற்குமேல் ஒரு பேச்சு கிடையாது.

பெருநாளுக்குப் பெருநாள் பெஷாவருக்கு பஸ் ஏறிப் போய்ப் புதுப் படம் பார்த்துவிட வேண்டும் அவருக்கு. நடிகன் என்றால் ஜாந்தாத்தான். காதலித்த பெண்ணுக்காக ஜாந்தாத் சொந்த அண்ணனையே எதிர்த்து நிற்கிற கட்டத்தில் உமர் தராஸ் தோள் சால்வையால் கண்ணைத் துடைத்துக்கொள்வார். அதே மனிதர் சாயங்காலம் வீட்டுக்கு வந்து, மகள் மர்ஜானா மொட்டை மாடிச் சுவரோரம் நின்றால், அங்கே என்ன வேடிக்கை என்று அதட்டுவார். இரண்டும் ஒரே ஆள்தான். இதில் ஏதோ இடிக்கிறது என்று அவருக்குத் தோன்றியதில்லை. எங்கள் பக்கத்தில் வேறு எவனுக்கும் தோன்றியதில்லை என்பதால் அவரை மட்டும் குறை சொல்ல முடியாது.

மர்ஜானாவை பக்த்மீனாவின் அண்ணன் முகர்ரமின் மகன் ஹயாத்துக்குக் கொடுப்பதாகப் பேசி முடித்திருந்தார்கள். கரும்பு முடிந்ததும் கல்யாணம். ஹயாத் டிராக்டரில் கரும்பு ஏற்றி வருகிறவன். எத்தனையோ டிராக்டர்கள் போகிற வழியில் அவன் வண்டிச் சத்தம் மட்டும் மர்ஜானாவுக்குத் தனியாகத் தெரியும். சோள ரொட்டி தட்டுகிற கை சற்றே நிற்கும். பக்த்மீனா அதைப் பார்த்தும் பார்க்காத மாதிரி அடுப்பை ஊதிக்கொண்டிருப்பாள்.

அந்தக் குளிர்காலத்தில்தான் சினிமாக்காரர்கள் ஊருக்கு வந்தார்கள். டைரக்டர் தெருத் தெருவாக நடந்து கடைசியில் உமர் தராஸ் வீட்டு வாசலில் நின்றுவிட்டார். கனத்த முசுக்கட்டை மரக் கதவு, இரும்புக் குமிழ்கள், பக்கத்தில் மண் சுவர், சுவருக்கு மேலே இலையுதிர்ந்த மரம். இந்த வாசல் ஒரு நாளைக்குக் கிடைக்குமா என்று கேட்டார். ஜாந்தாத் வந்து நிற்கப்போகிற வாசல் என்றதும் உமர் தராஸ் கதவைக் கழற்றியே கொடுத்திருப்பார். என்ன காட்சி என்று கேட்கக்கூட அவருக்குத் தோன்றவில்லை.

வெளி ஆண்கள் வருகிற இடத்தில் வீட்டுப் பெண்கள் இருக்கக் கூடாது என்பதால் தாயையும் மகளையும் காலையிலேயே அடுத்த தெருவில் இருக்கும் முகர்ரம் வீட்டுக்கு அனுப்பிவிட்டார். வெட்டிப் போட்ட கரும்பு காய்ந்தால் சாறு குறையும் என்று தெரிந்தே அன்றைக்கு இன்ஜினையும் நிறுத்தினார். அந்த ஊரில் அப்படியொரு அதிசயம் நடந்ததில்லை.

மத்தியானம் வெயில் முகம் காட்டியதும் ஜாந்தாத் வந்தான். கறுப்புத் தலைப்பாகை, மார்பில் குறுக்கே தோட்டாப் பட்டை. கதவைப் பார்த்து நின்று துப்பாக்கியை வானத்துக்குத் தூக்கி வெடித்தான். பிறகு நெஞ்சு புடைக்கக் கத்தினான்: "இந்த வீட்டுப் பொண்ணு எனக்குத்தான். வேற எவனாவது இந்த வாசப்படி மிதிச்சா அவன் பொணமாத்தான் போவான்."

மேகம் மறைத்துவிட்டது என்று டைரக்டர் இன்னொரு முறை எடுத்தார். நடுவில் நாய் வந்துவிட்டது என்று மறுபடியும் எடுத்தார். ஒவ்வொரு முறையும் ஜாந்தாத் முன்னைவிட உருக்கமாகக் கத்தினான். உமர் தராஸுக்குக் கண் கலங்கிவிட்டது. கை தட்டினார். இன்னொரு தடவை வேண்டுமென்றாலும் எடுங்கள், வாசல் எங்கும் ஓடிவிடாது என்றார். தன் வீட்டு வாசலில் நின்று ஒருவன் தன் வீட்டுப் பெண்ணுக்குக் குரல் போடுகிறான் என்பது அந்த மனிதர் மண்டையில் ஏறவே இல்லை.

குரல் என்றால் எங்களுக்குள் சாதாரண விஷயமில்லை. ஒரு பெண்ணின் வாசலில் நின்று துப்பாக்கி வெடித்து, இவள் எனக்கு என்று ஒருவன் கத்திவிட்டால் முடிந்தது. அதன்பிறகு அவளைக் கேட்டு வேறு ஒருவனும் வரமாட்டான். வந்தால் ரத்தம்தான். போட்டவனே அதே வாசலில் வந்து நின்று திரும்ப எடுத்துக்கொண்டால்தான் அந்தக் குரல் நீங்கும்.

சாயங்காலம் பெண்களை அழைத்துவர உமர் தராஸ் பாட்டுப் பாடிக்கொண்டே முகர்ரம் வீட்டுக்குப் போனார். வாசலை அடைத்துக்கொண்டு நின்றாள் ஷின்கை. பக்த்மீனாவுக்கும் முகர்ரமுக்கும் மூத்த அக்கா. கல்யாணம் ஆகாமலே தம்பி வீட்டில் இருந்துவிட்டவள். ஹயாத்தின் தாய் பிரசவத்தில் போனபிறகு அவனைத் தூக்கி வளர்த்தவள். அந்த வீட்டில் உப்புப் போடுவதிலிருந்து உழவு வரைக்கும் அவள் சொல்தான்.

"தம்பி, அந்தக் குரல் எங்க வீடு வரைக்கும் கேட்டுச்சு," என்றாள்.

"கேட்காம பின்ன? ஜாந்தாத் குரல் மதினி. தியேட்டர்ல மைக்கே இல்லாட்டியும் கேட்கும்."

"எந்த வாசல்ல நின்னு கத்தினான்?"

"நம்ம வாசல்லதான்." இதைச் சொல்லும்போதுகூட அவருக்குப் பெருமைதான்.

"அந்த வீட்டுல கட்டிக்கொடுக்க வேண்டிய பொண்ணு யாரு இருக்கா?"

உமர் தராஸ் சிரித்தார். அப்புறம் அந்தச் சிரிப்பு பாதியில் நின்றது. அது படம் மதினி, விளையாட்டு என்றார்.

"துப்பாக்கி வெடிச்சது நிஜம். கத்தினது நிஜம். ஊரே நின்னு கேட்டது நிஜம். பெத்தவன் கை தட்டினியாமே, அதுவும் நிஜம்தானே? போட்டவன் வந்து எடுக்கட்டும். அதுவரைக்கும் என் பிள்ளை உன் வாசப்படி மிதிக்கமாட்டான்."

இதைச் சொல்லிவிட்டு அவள் உள்ளே போய்விட்டாள். பக்த்மீனா சாதரைப் போர்த்திக்கொண்டு வெளியே வந்தாள். மர்ஜானாவைக் கூட்டிக்கொண்டு புருஷனுக்கு முன்னால் வேகமாக நடந்தாள். மறுநாளிலிருந்து உமர் தராஸுக்கு வந்த தேநீரில் இனிப்பே இல்லை. ஊருக்கெல்லாம் வெல்லம் காய்ச்சுகிறவர் வெறும் கசப்பைக் குடித்துவிட்டு வேலைக்குப் போனார்.

கிழவியின் கோபம் இரண்டு நாளில் ஆறிவிடும் என்றுதான் அவர் நினைத்தார். ஆறவில்லை. ஊர் வாயும் சும்மா இருக்கவில்லை. ஆண்கள் கூடித் தேநீர் குடிக்கிற இடத்திலெல்லாம் இதே பேச்சு. ஒருவன் ஹயாத்தைப் பார்த்து, என்னப்பா உனக்குப் போட்டியாக ஹீரோவே வந்துவிட்டாராமே என்பான். இன்னொருவன், ஒரு தடவை கத்தினவனையே வெட்டியிருக்கிறோம், இவன் மூன்று தடவை கத்தியிருக்கிறான், மாப்பிள்ளை டிராக்டர் துடைத்துக்கொண்டிருக்கிறார் என்பான். ஹயாத் முதலில் சிரித்தான். பிறகு எழுந்து போனான். பிறகு அந்தப் பக்கம் வருவதையே நிறுத்திவிட்டான். கரும்பை வேறு வண்டியில் ஏற்றி அனுப்பினான். மர்ஜானா ரொட்டி தட்டும்போது எந்த வண்டிக்கும் கை நிற்கவில்லை.

ஒரு நாள் அவளே தகப்பனுக்குத் தேநீர் கொண்டுவந்து வைத்தாள். போகாமல் நின்றாள்.

"என்னம்மா?" என்றார்.

"மாமா வீட்டு அவரு கடையில தோட்டா வாங்கினாராம். அம்மா சொல்லிச்சு." தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "உங்களுக்குப் பிடிச்ச நடிகன்தான், தெரியும். இருந்தாலும் அந்த ஆளைக் கூட்டிட்டு வந்து குரலை எடுக்கச் சொல்லுங்கப்பா."

அவள் அப்படித் தகப்பனிடம் ஒன்றைக் கேட்டு அவர் பார்த்ததில்லை.

அன்று மத்தியானம் முகர்ரமே கொப்பரையடிக்கு வந்தார். சக்கைக் குவியலில் உட்கார்ந்து கைகளை நெருப்பில் காட்டினார். பாகு கொதித்துக்கொண்டிருந்தது. உமர் தராஸ் அகப்பையை விடாமலே பேசினார்.

"மச்சான், நீங்க ஒரு வார்த்தை சொன்னா முடிஞ்சிரும். வீட்டுக்கு ஆம்பளை நீங்கதானே?"

"அக்கா முன்னாடி நான் என்ன ஆம்பளை, மாப்பிள." முகர்ரம் தாடியைத் தடவினார். "அவ பொறாமையில சொல்றான்னு ஊர்ல பேசுறானுங்க. உன் காதுலயும் விழுந்திருக்கும்."

விழுந்திருந்தது. உமர் தராஸே அப்படித்தான் நினைத்துக்கொண்டும் இருந்தார். தனக்கு நடக்காத கல்யாணம் இன்னொருத்திக்கு நடக்கிறதே என்ற எரிச்சல் என்று பக்த்மீனாவிடமே ஒருமுறை சொல்லி வாங்கிக் கட்டிக்கொண்டார்.

"அக்காவுக்கும் ஒருத்தன் குரல் போட்டானே, ஞாபகம் இருக்கா?" என்றார் முகர்ரம்.

"கேள்விப்பட்டிருக்கேன். கோவேறு கழுதை ஓட்டுறவன்னு சொல்வாங்க."

"ஆமா. மலையிலருந்து விறகு கொண்டுவருவான். காலணாவுக்கு வக்கில்லாதவன். ஒரு நாள் காலையில எங்க வாசல்ல நின்னு துப்பாக்கி வெடிச்சுட்டான். எங்கப்பா வெட்டுறேன்னு கிளம்பினார். அதுக்குள்ள கராச்சிக்குப் போயிட்டான், சம்பாதிச்சுட்டு வந்து கேட்கிறேன்னு யார்கிட்டயோ சொல்லிட்டு. வரவே இல்ல. கப்பல் துறைமுகத்துல வேலை செய்றான்னாங்க. அப்புறம் அதுவும் இல்லன்னாங்க. நானே ரெண்டு தடவை போய்த் தேடினேன் மாப்பிள. கொல்றதுக்கு இல்ல. குரலைத் திருப்பி எடுத்துக்கச் சொல்றதுக்கு. அப்பா செத்துட்டாரு, கோபமெல்லாம் போயிருச்சு. அவன் மட்டும் அகப்படல. அவ இருந்த அழகுக்கு, கேட்டு வர எத்தனை பேர் இருந்தாங்க. ஒருத்தன் வாசலுக்கு வரல."

உமர் தராஸ் கிண்டுவதை மறந்து நின்றார். பாகு அடிபிடிக்கிற வாசனை வந்தது. அவர் ஆயுளில் முதல் முறையாக ஒரு கொப்பரை பாகு கருகியது.

மறுநாள் வால்நட் பருப்புப் போட்டுப் பிடித்த புது வெல்லத்தை ஒரு துணியில் கட்டிக்கொண்டு பெஷாவருக்கு பஸ் ஏறினார். சினிமாக் கொட்டகைத் தெருவில் பத்துப் பேரிடம் விசாரித்தார். மாடிமேல் இருந்த ஒரு ஓட்டல் அறையைக் காட்டினார்கள். கதவைத் திறந்த ஆளிடம், தலைப்பாகை இல்லாததால் அடையாளம் தெரியாமல், ஜாந்தாத் கான் இருக்கிறாரா என்று கேட்டார். நான்தான் என்றான் அவன். தலையில் பாதிக்குச் சாயம் பூசியிருந்தது. தோள்கள் ஒடுங்கியிருந்தன. படத்தில் தெரிவதில் பாதிதான் இருந்தான்.

உட்காரவைத்துத் தேநீர் வரவழைத்தான். வெல்லத்தைப் பிட்டு வாயில் போட்டுக்கொண்டு நன்றாயிருக்கிறது என்றான். விஷயத்தைக் கேட்டதும் சிரித்தான்.

"அண்ணே, அது வசனம்."

"எனக்குத் தெரியும் கான். எங்க ஊர் வாசலுக்குத் தெரியலையே."

"அங்க ஒலிப்பதிவே கிடையாதுண்ணே. பேசுறதெல்லாம் பின்னால லாகூர்ல உட்கார்ந்து பேசுறோம். நான் அங்க ஒண்ணு, ரெண்டு, மூணுன்னு எண்ணியிருந்தாலும் போதும்."

"பின்ன ஏன் கான் அவ்வளவு மனசோட கத்தினீங்க?"

ஜாந்தாத் வெல்லத்தை இன்னொரு துண்டு பிட்டான். சரியா வரணும்னுதான், என்று முணுமுணுத்தான்.

உமர் தராஸ் ஹயாத் வாங்கிய தோட்டாக்களைப் பற்றிச் சொன்னார். தன்னுடைய கைதட்டலையும் மறைக்காமல் சொன்னார். கடைசியில் ஷின்கையைப் பற்றி முகர்ரம் சொன்னதையெல்லாம் சொன்னார். ஜாந்தாத் கையிலிருந்த வெல்லத்தைக் கீழே வைத்தான்.

"எங்கப்பா சொந்த ஊர்ல, ஸ்வாபியில இருக்காருண்ணே. நான் சினிமாவுக்கு வந்ததிலிருந்து நான் சொல்ற எதையும் அவர் நம்புறதில்ல. எங்கம்மா செத்தப்போ போய் அழுதேன். நடிச்சது போதும், எந்திரின்னாரு." வெல்லத் துணியை மடித்துக் கட்டினான். "நான் பேசின ஒரு பேச்சை நிஜம்னு எடுத்துக்கிட்டது உங்க மதினி ஒருத்திதான். வெள்ளிக்கிழமை வர்றேன்."

வருவான் என்று ஊரில் யாரும் நம்பவில்லை. வந்தான். பஸ்ஸில் வந்தான், ஒரு செம்மறி ஆட்டையும் இழுத்துக்கொண்டு. தொழுகை முடிந்து வந்த கூட்டம் அப்படியே உமர் தராஸ் வாசலுக்குத் திரும்பியது. தூறல் போட்டு விட்டிருந்த சமயம். தலைப்பாகை இல்லை, தோட்டாப் பட்டை இல்லை, சாதாரணப் பழுப்புச் சட்டை. இவனா அவன் என்று சிலருக்கு ஏமாற்றமாகக்கூட இருந்தது.

மன்னிப்புக் கேட்டு வருகிறவன் கொண்டுவர வேண்டிய அந்த ஆட்டை வாசலில் கட்டினான். ஊர்ப் பெரியவர்கள் முன்னால் வெறுங்கையோடு நின்றான்.

"இந்த வாசல்ல நான் போட்ட குரலை நானே எடுத்துக்கிறேன். தெரியாம செஞ்சது. இந்த வீட்டுப் பொண்ணு எனக்குத் தங்கச்சி. அவளைக் கட்டிக்கப் போறவன் எனக்கும் மச்சான்."

ஒரு பெரியவர் கையை ஏந்தி இறைவனிடம் துஆ கேட்டார். எல்லோரும் கையை முகத்தில் தடவிக்கொண்டார்கள். ஜாந்தாத் நேராக ஹயாத்திடம் போனான். ஹயாத் விறைத்துக்கொண்டு நின்றான். இவன் தழுவியதும் அந்த விறைப்பு கொஞ்சம் கொஞ்சமாகத் தளர்ந்தது. கதவுக்குப் பின்னாலிருந்து ஒரு விம்மல் கேட்டு, உடனே யாரோ அதை அடக்கினார்கள்.

ஷின்கை சாதரைப் போர்த்திக்கொண்டு மண் சுவரோரம் நின்றிருந்தாள். உமர் தராஸ் அவளிடம் போனார்.

"மதினி, இப்ப மனசுக்குச் சரிதானே?"

"சரி தம்பி. பிள்ளைகளுக்கு நாள் பாருங்க. கடைசிக் கரும்பு பிழிஞ்ச மறுநாளே வச்சுக்கலாம்." பிறகு மெதுவாக, "நான் உங்களை ரொம்பப் படுத்திட்டேன்," என்றாள்.

அவருக்கு அழுகை வந்துவிட்டது. சால்வையைத் தேடினார், தோளில் இல்லை. கையாலேயே துடைத்துக்கொண்டார். பக்த்மீனா கதவிடுக்கில் நின்று, சோறு வெந்துகொண்டிருக்கிறது, எல்லோரையும் நிற்கச் சொல்லுங்கள் என்று குரல் கொடுத்தாள்.

கூட்டம் கலைய ஆரம்பித்தபோது ஷின்கை நேரே ஜாந்தாத்திடம் நடந்தாள். ஆண்கள் விலகி வழிவிட்டார்கள்.

"தம்பி, அடுத்த தெருவுல இன்னொரு வாசல் இருக்கு," என்றாள். "அங்கயும் வந்து இதைச் சொல்லிட்டுப் போறியா?"

முகர்ரம், அக்கா, என்று ஏதோ சொல்ல ஆரம்பித்துத் தலையைக் குனிந்துகொண்டார். ஜாந்தாத் உமர் தராஸைப் பார்த்தான். பிறகு அவளைப் பார்த்தான்.

"வர்றேன் அக்கா. அவர் குரல் எப்படி இருக்கும்?"

அவள் யோசிக்கவே இல்லை. "கரகரன்னு இருக்கும். நெஞ்சுக்குள்ள பயம் இருக்கிறவன் கத்துற மாதிரி இருக்கும். நான் முகம் பார்த்ததில்ல. சுவருக்கு உள்ள இருந்து கேட்டதுதான்."

அவள் முன்னால் நடந்தாள். முகர்ரம் வீட்டுக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். உள்ளே தாழ்ப்பாள் விழுந்தது. வாசலில் ஜாந்தாத்தும் உமர் தராஸும் முகர்ரமும் மட்டும் நின்றார்கள். பின்தொடர்ந்து வந்த மற்றவர்கள் தெருமுனையிலேயே தயங்கி நின்றுவிட்டார்கள்.

ஜாந்தாத் கதவுக்கு நேராக வந்து நின்றான். அவன் நடித்த அத்தனை படங்களையும் பார்த்தவர் உமர் தராஸ். இப்போது என்ன தொனியில் ஆரம்பிப்பான் என்று தனக்குத் தெரியும் என்றுதான் நினைத்தார். வந்த குரல் அவர் கேட்டதே இல்லாத குரல். கரகரத்து, நடுங்கி, இரண்டு இடத்தில் தடுக்கி வந்தது.

"இந்த வீட்டுப் பொண்ணுக்கு நான் போட்ட குரலை எடுத்துக்கிறேன். அவ மேல எனக்கு எந்த உரிமையும் இல்ல. அவ இஷ்டப்பட்டவனைக் கட்டிக்கட்டும். நான் திரும்பி வந்திருக்கணும். வரல. என்னை மன்னிச்சிரச் சொல்லுங்க."

முகர்ரம் சுவரில் கையை ஊன்றிக்கொண்டார். கூரையிலிருந்து தூறல் நீர் சொட்டியது.

பிறகு கதவுக்கு மிக அருகிலிருந்து ஷின்கையின் குரல் வந்தது. ஊரை அதட்டுகிற குரலில்லை அது. தாழ்ந்து, சிறுபெண்ணின் குரல்போல இருந்தது.

"கேட்டுச்சு," என்றாள். கொஞ்சம் பொறுத்து, "கராச்சியிலருந்து வர உனக்கு இவ்வளவு நாளா ஆகும்?" என்று கேட்டாள்.

ஜாந்தாத் ஓரடி முன்னால் வந்தான். கதவில் நெற்றியைச் சாய்த்துக்கொண்டு அப்படியே நின்றான்.